போஸ்னியாவில் ஓட்டு எண்ணி முடிந்த பிறகுதான் தேர்தல் தொடங்குகிறது

2023 ஏப்ரல் 27 அன்று சரயேவோவில் கிறிஸ்டியன் ஷ்மிட் ஓர் உத்தரவில் கையெழுத்துப் போட்டார். ஷ்மிட் ஜெர்மானியர், ஜெர்மனியின் முன்னாள் வேளாண் அமைச்சர், ‘உயர் பிரதிநிதி’ என்ற பெயரில் வெளிநாடுகள் போஸ்னியாவில் வைத்த அதிகாரி. போஸ்னியாவில் யாரும் அவருக்கு ஓட்டுப் போட்டதில்லை, போடவும் வழியில்லை. ஆனால் அந்த ஒரு கையெழுத்தில், போஸ்னியா ஹெர்சகோவினாவின் இரண்டு பகுதிகளில் ஒன்றான ‘ஃபெடரேஷ’னின் அரசியலமைப்பில் அரசு அமைப்பதற்கான விதி மாறியது. நடைமுறையில் அரசியலமைப்பை ஒரு நாள் நிறுத்தி வைத்ததற்குச் சமம் என்றுதான் உள்ளூர்ப் பத்திரிகைகள் எழுதின. மறுநாள் 28ஆம் தேதி அந்தப் பகுதியின் நாடாளுமன்றக் கீழவை கூடி, நெர்மின் நிக்‌ஷிச் தலைமையிலான அரசுக்கு ஒப்புதல் கொடுத்தது. தேர்தல் நடந்ததோ 2022 அக்டோபர் 2ஆம் தேதி. ஏறக்குறைய ஏழு மாதம் கழிந்திருந்தது.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. இதே நிக்‌ஷிச் 2011இலும் இதே பதவிக்கு வந்தவர். அப்போதும் அவர் அரசு சட்டச் சிக்கலில் மாட்டிக்கொள்ள, அப்போதைய உயர் பிரதிநிதியின் உத்தரவுதான் அதைக் காப்பாற்றியது. 2011இல் குரோஷியர்களின் பெரிய கட்சியான எச்டிஇசட்டை வெளியே நிறுத்த அந்த உத்தரவு உதவியது. 2023இல் எச்டிஇசட்டை உள்ளே வைத்து, போஸ்னியாக்குகளின் (போஸ்னிய முஸ்லிம்களின்) பெரிய கட்சியான எஸ்டிஏவை வெளியே நிறுத்த உதவியது. ஆள் அதே ஆள், நாற்காலி அதே நாற்காலி. எதிரியும் நண்பனும் மட்டும் இடம் மாறியிருந்தார்கள்.

ஏன் இப்படி ஆகிறது? தலைவர்களின் பிடிவாதம், ஊழல், இனவெறி என்று காரணம் சொல்வது எளிது. எல்லாம் உண்மைதான். ஆனால் அது பாதிக் காரணம். மீதிப் பாதி அரசியலமைப்பின் கணக்கில் இருக்கிறது.

முதலில் நாட்டின் அமைப்பு. 1992 முதல் 1995 வரை நடந்த போரில் சுமார் ஒரு லட்சம் பேர் இறந்தார்கள். அமெரிக்காவின் டேட்டன் நகரத்து விமானப்படைத் தளத்தில் பேசி முடித்து, 1995 டிசம்பரில் பாரிசில் கையெழுத்தான ஒப்பந்தம் போரை நிறுத்தியது. நாட்டின் அரசியலமைப்பே அந்த ஒப்பந்தத்தின் நான்காவது இணைப்பாகத்தான் வந்தது. சமாதான ஒப்பந்தத்தின் பின்னிணைப்பு ஒரு நாட்டின் அடிப்படைச் சட்டமாக இன்றுவரை இருப்பது உலகத்தில் அபூர்வம். அதன்படி நாடு இரண்டு பகுதிகள்: செர்பியர் பெரும்பான்மையாக வாழும் ரெபுப்ளிகா ஸ்ர்ப்ஸ்காவுக்கு நிலத்தில் 49 சதவீதம், போஸ்னியாக்குகளும் குரோஷியர்களும் சேர்ந்து வாழும் ஃபெடரேஷனுக்கு 51 சதவீதம். வடக்கே பிர்ச்கோ என்ற சிறு மாவட்டம் தனி.

ஃபெடரேஷன் டேட்டனுக்கும் மூத்தது. போஸ்னியாக்குகளும் குரோஷியர்களும் தமக்குள் நடத்திய போரை முடிக்க 1994 மார்ச்சில் வாஷிங்டனில் உருவாக்கப்பட்டது. அதற்குள் பத்து கான்டன்கள். ஒவ்வொன்றுக்கும் தனிச் சட்டமன்றம், தனி அரசு, தனி பிரதமர். 2013 கணக்கெடுப்பின்படி ஃபெடரேஷனில் சுமார் 22 லட்சம் பேர். அவர்களில் ஏறத்தாழ 70 சதவீதம் போஸ்னியாக்குகள், 22 சதவீதம் குரோஷியர்கள். செர்பியர்கள் ஒரு சில சதவீதம்தான். மொத்த நாட்டில் போஸ்னியாக்குகள் 50, செர்பியர்கள் 31, குரோஷியர்கள் 15 சதவீதம். இந்த மூன்று இனங்களுக்கும் அரசியலமைப்பில் தனி அந்தஸ்து. யூதர், ரோமா, எந்த இனமும் சொல்லிக்கொள்ள விரும்பாதவர் எல்லோரும் சேர்ந்து ‘மற்றவர்கள்’. நாட்டின் தலைமை, மூன்று இனத்துக்கும் தலா ஒருவர் கொண்ட மூவர் குழு. இந்த ‘மற்றவர்கள்’ அந்தப் பதவிக்குப் போட்டியிடவே முடியாது. அது பாகுபாடு என்று ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 2009 டிசம்பரில் தீர்ப்பளித்தது. வழக்குப் போட்டவர்கள் டெர்வோ செய்திச் என்ற ரோமாவும் யாகோப் ஃபின்சி என்ற யூதரும். தீர்ப்பு இன்னும் நிறைவேறவில்லை.

சரி, ஃபெடரேஷனில் அரசு எப்படி அமைகிறது? கீழவையில் 98 இடங்கள். மக்கள் நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறார்கள். வேறெங்காவது என்றால் 50 பேரைச் சேர்த்துவிட்டால் கதை முடிந்தது. இங்கே அது வாசல் கதவு மட்டும். உள்ளே மேலவை இருக்கிறது. அதன் உறுப்பினர்களைப் பத்து கான்டன் சட்டமன்றங்களும் தேர்ந்தெடுத்து அனுப்புகின்றன, இனவாரியாக. 2022 வரை போஸ்னியாக்குகளுக்கு 17, குரோஷியர்களுக்கு 17, செர்பியர்களுக்கு 17, மற்றவர்களுக்கு 7, மொத்தம் 58. மக்கள்தொகையில் 70 சதவீதமும் சரி, ஒரு சில சதவீதமும் சரி, அங்கே சமம்.

செர்பியர்களுக்கான இடங்கள் சில முறை நிரம்பியதே இல்லை. பத்து கான்டன் சட்டமன்றங்களிலும் தேடினாலும் அத்தனை செர்பிய உறுப்பினர்கள் இல்லை. அதனால் இனத்தை ஒருவர் தானே அறிவித்துக்கொள்ளும் முறையில் கெட்டிக்காரத்தனங்களும் நடந்தன. இடம் காலியாக இருக்கும் இனத்தின் பெயரில் மனுப் போட்டுவிடுவது ஒரு வழி.

அப்புறம் தலைவர் பதவி. ஃபெடரேஷனுக்கு ஒரு தலைவர், இரண்டு துணைத் தலைவர்கள், மூன்று பேரும் மூன்று இனத்தவர். இவர்களை முன்மொழிவது மேலவையின் இனக் குழுக்கள். பிரதமரையும் அமைச்சர்களையும் தலைவர் நியமிக்க வேண்டுமானால் இரண்டு துணைத் தலைவர்களும் ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட வேண்டும். அமைச்சரவையிலும் பங்கு எழுதியே இருக்கிறது: 8 போஸ்னியாக், 5 குரோஷியர், 3 செர்பியர். பிரதமர், அவைத் தலைவர்கள் போன்ற ஆறு உயர்பதவிகளில் ஓர் இனத்துக்கு இரண்டுக்கு மேல் கிடையாது.

ஆக, ஒரே வீட்டுக்கு நாலு பூட்டு, நாலு சாவியும் நாலு பேரிடம். கீழவையில் 60 பேர் ஆதரித்தாலும், மேலவையின் ஓர் இனக் குழுவில் போதுமான ஆட்கள் இல்லையென்றால் வீட்டுக்குள் நுழைய முடியாது. அதனால்தான் போஸ்னியாவில் கூட்டணிப் பேச்சு என்பது மொத்த எண்ணிக்கையைப் பற்றியது அல்ல. எந்தக் கட்சியிடம் எந்த இனக் குழுவின் சாவி இருக்கிறது என்பதுதான் பேச்சே. போர் முடிந்த நாள் முதல் பெரும்பாலும் குரோஷியர் சாவி எச்டிஇசட்டிடமும், போஸ்னியாக் சாவி எஸ்டிஏவிடமும் இருந்தன. மேடையில் ஒருவரை ஒருவர் திட்டிக்கொண்டே இரண்டு கட்சியும் வருடக்கணக்கில் சேர்ந்து ஆண்டார்கள். இந்தக் கணக்கு தெரிந்தால் அதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

பிரச்சினை வருவது மூன்றாவது ஆள் உள்ளே வர நினைக்கும்போது. அந்த மூன்றாவது ஆள் பெரும்பாலும் எஸ்டிபி என்ற சமூக ஜனநாயகக் கட்சி. பழைய யூகோஸ்லாவியக் கம்யூனிஸ்ட் மரபிலிருந்து வந்தது. தன்னைப் பல இனங்களின் கட்சி என்று சொல்லிக்கொள்ளும், ஆனால் ஓட்டு பெரும்பாலும் போஸ்னியாக் நகரவாசிகளிடமிருந்துதான்.

2000இல் முதல் முயற்சி. தேர்தலுக்குச் சில வாரம் முன்பு, அப்போது தேர்தலை நடத்திக்கொண்டிருந்த ஐரோப்பியப் பாதுகாப்பு ஒத்துழைப்பு அமைப்பு மேலவைக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் விதியையே மாற்றியது. குரோஷியர் இடங்களுக்குக் குரோஷிய உறுப்பினர்கள் மட்டும் ஓட்டுப் போடும் நிலை போய், கான்டன் சட்டமன்றம் முழுவதும் ஓட்டுப் போடலாம் என்றானது. எச்டிஇசட் கொதித்துப்போனது. அதன் தலைவர் அந்தே யெலாவிச் 2001 மார்ச்சில் குரோஷியர்களுக்குத் ‘தன்னாட்சி’ அறிவிக்கும் அளவுக்குப் போனார். அப்போதைய உயர் பிரதிநிதி வொல்ஃப்காங் பெட்ரிச் அவரை நாட்டின் மூவர் தலைமைக் குழுவிலிருந்தே நீக்கினார். எஸ்டிபி தலைமையில் அரசு வந்தது. 2002 தேர்தலோடு போயும் விட்டது.

இந்த ‘உயர் பிரதிநிதி’ யார் என்று சொல்லிவிட வேண்டும். டேட்டன் ஒப்பந்தம் நிறைவேறுவதைக் கண்காணிக்க வெளிநாடுகள் வைத்த அதிகாரி அவர். 1997 டிசம்பரில் பான் நகரில் கூடிய சமாதான அமலாக்கக் குழு, சட்டம் இயற்றவும் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களைப் பதவி நீக்கவும் அவருக்கு அதிகாரம் இருப்பதாக ஏற்றுக்கொண்டது. பாடி ஆஷ்டவுன் என்ற பிரிட்டிஷ்காரர் 2004 ஜூனில் ஒரே நாளில் ஐம்பதுக்கும் மேற்பட்ட செர்பிய அரசியல்வாதிகளையும் அதிகாரிகளையும் வீட்டுக்கு அனுப்பினார். அவருடைய தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்ய உள்ளூரில் இடமே இல்லை என்பதுதான் நிலைமை.

2010 தேர்தலில் எஸ்டிபி நன்றாக ஜெயித்தது. எச்டிஇசட்டையும் அதிலிருந்து பிரிந்த ‘எச்டிஇசட் 1990’ஐயும் விட்டுவிட்டு, இரண்டு சிறிய குரோஷியக் கட்சிகளைச் சேர்த்துக்கொண்டு 2011 மார்ச்சில் தன் கட்சிக்காரர் நிக்‌ஷிச் தலைமையில் அரசு அமைத்தது. எஸ்டிஏவும் கூடவே. குரோஷியக் குழுவில் தலைவரை முன்மொழிய மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர்கள் வேண்டும். அது கிடைக்கவில்லை. எச்டிஇசட் கையில் இருந்த கான்டன்கள் மேலவைக்கு ஆட்களை அனுப்பாமல் இழுத்தடித்தன. இது வேறொரு தந்திரம்: அவையே முழுமையாக அமையவில்லை என்றால் எதுவும் செல்லாது. ஷிவ்கோ புதிமிர் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டதை மத்தியத் தேர்தல் ஆணையம் செல்லாது என்றது. சில நாளில் உயர் பிரதிநிதி வாலன்டின் இன்ஸ்கோ ஆணையத்தின் முடிவையே நிறுத்தி வைத்தார். நிக்‌ஷிச் அரசு பிழைத்தது. ஆனால் அந்தக் காயம் ஆறவில்லை. எச்டிஇசட்டின் அடுத்த பத்தாண்டு அரசியல் முழுவதும் ‘2011 மறுபடி நடக்கக்கூடாது’ என்பதுதான்.

இன்னொரு காயமும் சேர்ந்துகொண்டது. நாட்டின் மூவர் தலைமைக் குழுவில் குரோஷியர் இடத்துக்கு ஃபெடரேஷன் வாக்காளர் யார் வேண்டுமானாலும் ஓட்டுப் போடலாம், போஸ்னியாக் ஆனாலும். அதனால் ஷெல்கோ கோம்ஷிச் 2006, 2010, 2018, 2022 என்று நான்கு முறை அந்த இடத்தில் ஜெயித்தார். அவர் குரோஷியர்தான், சரயேவோக்காரர். ஆனால் குரோஷியர் பெரும்பான்மையான மேற்கு ஹெர்சகோவினாவில் அவருக்குக் கிடைத்த ஓட்டுகள் சொற்பம். ‘எங்கள் பிரதிநிதியை அவர்கள் தேர்ந்தெடுக்கிறார்கள்’ என்று எச்டிஇசட் தலைவர் திராகான் சோவிச் புலம்புவதில் நியாயம் இல்லை என்று சொல்ல முடியாது. அதே சமயம் இனத்தைப் பாராமல் ஒருவருக்கு ஓட்டுப் போடுவது குற்றமா என்று சரயேவோவில் கேட்பவர்களையும் தள்ளிவிட முடியாது. ஒரே விதியின் கீழ் இரண்டு பேரும் சரி.

எச்டிஇசட் நீதிமன்றத்துக்குப் போனது. அதன் மூத்த தலைவர் போஷோ லியூபிச் போட்ட வழக்கில் 2016 டிசம்பரில் அரசியலமைப்பு நீதிமன்றம், ஒவ்வொரு கான்டனிலிருந்தும் ஒவ்வோர் இனத்துக்கும் குறைந்தது ஒரு மேலவை உறுப்பினர் என்ற விதி செல்லாது என்றது. கோராஷ்டே கான்டனை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே குரோஷியர்கள் சில டஜன் பேர்தான். அவர்களுக்கு ஓர் இடம் என்றால், அந்த இடத்தைத் தீர்மானிப்பது யார்? இதுதான் வழக்கின் சாரம். நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தவில்லை. 2018 தேர்தலுக்குப் பிறகு, சட்டத்தைத் திருத்தும்வரை புதிய அரசுக்கு ஒத்துழைக்கமாட்டோம் என்று எச்டிஇசட் உட்கார்ந்துவிட்டது.

விளைவு: 2015இல் அமைந்த ஃபாதில் நோவாலிச் அரசு, 2018 தேர்தல் நடக்காதது போலவே எட்டு ஆண்டு ஓடியது. இந்த அரசின் காலத்தில்தான் கோவிட் நேரத்தில் 100 வென்டிலேட்டர்கள் சீனாவிலிருந்து வாங்கப்பட்டன, ராஸ்ப்பெர்ரிப் பழம் பதப்படுத்தும் ஒரு நிறுவனத்தின் மூலமாக. அந்த வழக்கில் நோவாலிச்சுக்கு முதல் நீதிமன்றம் நான்கு ஆண்டு சிறை விதித்தது, 2023 ஏப்ரல் மாதத்தில். அப்போதும் அவர் பிரதமர்தான். முட்டுக்கட்டை என்றால் எதுவும் நடக்காமல் நிற்பது என்று நினைத்துக்கொள்கிறோம். இங்கே அது ஒருவர் நாற்காலியில் நிம்மதியாக உட்கார்ந்திருப்பதற்கான ஏற்பாடு.

மொஸ்தார் நகரத்தில் இதே மாதிரிச் சண்டையால் 2008க்கும் 2020க்கும் இடையே உள்ளாட்சித் தேர்தலே நடக்கவில்லை. அது தனிக் கதை.

இந்த நிலையில்தான் 2022 தேர்தல். ஜூலையிலேயே ஷ்மிட்டின் வரைவு ஒன்று கசிந்தது. கான்டனில் 3 சதவீதத்துக்கும் குறைவாக இருக்கும் இனத்துக்கு அங்கிருந்து மேலவை இடம் கிடையாது என்பது அதன் சாரம். எச்டிஇசட்டுக்குச் சாதகம் என்று சரயேவோவில் அவர் அலுவலகத்துக்கு முன்னால் கூட்டம் கூட்டமாக மக்கள் திரண்டார்கள். அவர் பின்வாங்கி, தேர்தல் நேர்மை பற்றிய சில திருத்தங்களோடு நிறுத்திக்கொண்டார். எல்லோரும் முடிந்தது என்று நினைத்தார்கள். அக்டோபர் 2ஆம் தேதி மாலை 7 மணிக்கு வாக்குச்சாவடிகள் மூடின. ஓட்டுப் பெட்டி திறக்கும் நேரத்தில் ஷ்மிட் தொலைக்காட்சியில் வந்து புதிய விதிகளை அறிவித்தார். மேலவை 58இலிருந்து 80 ஆனது: மூன்று இனங்களுக்கும் தலா 23, மற்றவர்களுக்கு 11. தலைவர், துணைத் தலைவர்களை முன்மொழிய முதல் கட்டத்தில் இனக் குழுவில் 11 பேர் வேண்டும். ஒவ்வொரு கட்டத்துக்கும் காலக்கெடு.

உள்ளடக்கத்தில் நல்லதும் உண்டு. ‘மற்றவர்க’ளுக்கு இடம் கூடியது, இழுத்தடிப்புக்குக் கெடு வந்தது. ஆனால் ஆட்டம் முடிந்து, கோல்கள் எண்ணுவதற்குள் விதியை மாற்றுவதை எந்த ஊரில் ஏற்றுக்கொள்வார்கள்? அமெரிக்க, பிரிட்டிஷ் தூதரகங்கள் வரவேற்றன. ஐரோப்பிய ஒன்றியமோ, இது உயர் பிரதிநிதியின் சொந்த முடிவு என்று ஒதுங்கிக்கொண்டது.

17 பேரில் மூன்றில் ஒரு பங்கு என்பது 23 பேரில் 11 ஆனதன் பொருளை எச்டிஇசட் உடனே புரிந்துகொண்டது. சிறிய குரோஷியக் கட்சிகளைச் சேர்த்துக்கொண்டு அதைத் தாண்டிப் போகும் 2011 வழி அடைபட்டுவிட்டது. எஸ்டிபியும் புரிந்துகொண்டது. அது ‘மக்களும் நீதியும்’, ‘நம் கட்சி’ என்ற இரண்டு கட்சிகளோடு சேர்ந்து ட்ரோய்க்கா என்ற மூவர் அணியாகி, நேராக எச்டிஇசட்டோடு கை குலுக்கியது. ‘மக்களும் நீதியும்’ தலைவர் எல்மெதின் கொனாகோவிச் பழைய எஸ்டிஏக்காரர். எஸ்டிஏ தனிக் கட்சியாக முதலிடம் பிடித்தும் வெளியே நின்றது. அதன் தலைவர் பாகிர் இஸட்பெகோவிச் மூவர் தலைமைப் போட்டியில் எஸ்டிபியின் தெனிஸ் பெசிரோவிச்சிடம் ஏற்கெனவே தோற்றிருந்தார்.

ஆனால் அதே 11 என்ற எண் போஸ்னியாக் குழுவில் திருப்பிக் கடித்தது. அங்கே எஸ்டிஏவிடம் அந்த எண்ணிக்கை இருந்தது, ட்ரோய்க்காவிடம் இல்லை. 2023 பிப்ரவரி 28இல் எச்டிஇசட்டின் லிதியா பிராதாரா தலைவரானபோது, போஸ்னியாக் துணைத் தலைவராக வந்தவர் எஸ்டிஏவின் ரெஃபிக் லெந்தோ. அவர் புதிய அரசுக்குக் கையெழுத்துப் போட மறுத்துவிட்டார். குரோஷியர் பூட்டைப் பலப்படுத்தப் போட்ட விதியே போஸ்னியாக் பூட்டையும் பலப்படுத்தியிருந்தது. ஏப்ரல் 27 உத்தரவில் ஷ்மிட் உடைத்தது, பெரும்பாலும், அவரே அக்டோபரில் வைத்த பூட்டு.

எஸ்டிஏ இதைக் கடுமையாகக் கண்டித்தது. இதே கட்சி 2011இல் இன்ஸ்கோவின் உத்தரவால் பயன்பெற்று அரசில் உட்கார்ந்தது என்பதை யாரும் அப்போது பெரிதாக நினைவுபடுத்தவில்லை. எச்டிஇசட் 2011இல் சொன்ன வார்த்தைகளைத்தான் 2023இல் எஸ்டிஏ சொன்னது. நிக்‌ஷிச் அரசு வந்தபோது ஐரோப்பிய ஒன்றியத்தில் சேரும் முயற்சியும் நகர்ந்தது. நாட்டுக்கு 2022 டிசம்பரில் வேட்பாளர் அந்தஸ்து கிடைத்திருந்தது. 2024 மார்ச்சில் பேச்சுவார்த்தை தொடங்க ஒன்றியத் தலைவர்கள் ஒப்புக்கொண்டார்கள். உத்தரவு போட்டதால்தான் இந்த நகர்வு என்று ஷ்மிட்டின் ஆதரவாளர்கள் வாதிடுவார்கள். பாதி உண்மை, மீதிப் பாதி உக்ரைன் போர்.

என் கருத்தைக் கேட்டால், தவறு தனித்தனி உத்தரவுகளில் மட்டும் இல்லை. கடைசி நிமிஷத்தில் யாரோ வந்து பூட்டை உடைப்பார் என்று தெரிந்திருக்கும்போது, பேசி முடிக்க எந்தக் கட்சிக்கும் அவசரம் இருக்காது. சரயேவோவில் விட்டுக்கொடுத்தால் சொந்த ஓட்டர் திட்டுவார். உயர் பிரதிநிதி திணித்தால் அவரைத் திட்டிக்கொண்டே பலனை எடுத்துக்கொள்ளலாம். 2000இலும் 2011இலும் 2022-23இலும் மூன்று முறையும் மாற்றப்பட்டதோ வளைக்கப்பட்டதோ இதே மேலவை விதிதான். மூன்று முறையும் உள்ளூர்க் கட்சிகள் எழுதிய திருத்தம் ஒன்றும் இல்லை.

இதன் விலையை ரெபுப்ளிகா ஸ்ர்ப்ஸ்காவில் பார்க்கலாம். ஷ்மிட்டின் நியமனம் ஐநா பாதுகாப்புச் சபையின் ஒப்புதல் இல்லாமல் 2021இல் நடந்தது. ரஷ்யாவும் சீனாவும் அவரை ஏற்கவில்லை. அதைப் பிடித்துக்கொண்டு, ரெபுப்ளிகா ஸ்ர்ப்ஸ்காவின் அப்போதைய தலைவர் மிலோராத் தோதிக் அவருடைய உத்தரவுகள் செல்லாது என்று சட்டமே போட்டார். அதற்காக 2025 பிப்ரவரியில் தோதிக்குக்கு ஓராண்டு சிறையும் ஆறாண்டு அரசியல் தடையும் கிடைத்தன. ஆகஸ்டில் அது உறுதியாகி, பதவியும் போனது. நவம்பர் 23இல் நடந்த இடைத்தேர்தலில் அவருடைய கட்சிக்காரர் சினிஷா காரான் மிகக் குறைந்த வித்தியாசத்தில் ஜெயித்தார். ஃபெடரேஷனில் உயர் பிரதிநிதி ஒரு பக்கத்துக்கு உதவினார் என்ற தோற்றம், அவரை எதிர்ப்பதற்கு அங்கே ஒரு சாக்கு ஆனது.

நாட்டின் அடுத்த பொதுத் தேர்தல் முறைப்படி 2026 அக்டோபரில். மூவர் தலைமைக் குழுவில் குரோஷியர் இடத்தைத் தேர்ந்தெடுக்கும் முறையை மாற்ற வேண்டும் என்ற எச்டிஇசட்டின் கோரிக்கை அப்படியே இருக்கிறது. மூவர் தலைமைத் தேர்தல் உள்ளிட்டவற்றில் உள்ள இன, பகுதிக் கட்டுப்பாடுகளை எதிர்த்து கோம்ஷிச்சின் ஆலோசகர் ஸ்லாவென் கோவாசெவிச் போட்ட வழக்கில் 2023இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2025 ஜூனில் அதன் பெரிய அமர்வு, வழக்கு விசாரணைக்கே ஏற்றதல்ல என்று தள்ளிவிட்டது. எனவே அந்தப் பக்கமிருந்து அழுத்தம் வருவது குறைந்தது. தேர்தல் இரவில் எந்தக் கட்சி எத்தனை சதவீதம் என்று தொலைக்காட்சிகள் காட்டும். அதைவிடக் கவனிக்க வேண்டியது, அடுத்த சில வாரங்களில் பத்து கான்டன் சட்டமன்றங்கள் மேலவைக்கு அனுப்பும் 23 போஸ்னியாக்குகளில் எஸ்டிஏவுக்கு 11 பேர் கிடைக்கிறார்களா, 23 குரோஷியர்களில் எச்டிஇசட்டுக்கு எதிராக 11 பேரைச் சேர்க்க யாராலாவது முடிகிறதா என்பது.